ஒற்றை விளக்கின் வெளிச்சம்



சில ஆண்டுகளுக்கு முன் உயர்தர வகுப்பில் 'கிராமப் பிறழ்வு' பற்றிப் பேசிக்கொண்டிருந்தேன். மார்ட்டின் விக்கிரமசிங்ஹவின் 'கம்பெரலிய' நாவலை எம். எம். உவைஸ் இப்பெயரில் தமிழாக்கினார் என்பது நீங்கள் அறிந்ததே. பேச்சு 1963 இல் அது திரைப்படமானதற்குத் தாவியது. நெறியாளர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், நந்தாவாக நடித்த புண்யா ஹீந்தெனிய என்று அடுக்கிக்கொண்டு போனேன். பின்வாங்கிலிருந்த மாணவன் ஒருவன், "சேர், படம் பிடிச்சது ஆர்?" என்றான். எனக்குத் தெரியவில்லை. பிறகு சொல்வதாகச் சமாளித்தேன்.

வில்லியம் பிளேக் என்பதே விடை.

1948 இல் தொடங்கிய அரசாங்கத் திரைப்படப் பிரிவில் விவரணப் படங்களோடு தொழில் பழகியவர் அவர். விவரணப் படம் பிடிப்பவன் சூரியனுக்குக் கட்டளையிட முடியாது. கிடைக்கும் வெளிச்சத்துக்குத் தன்னைப் பழக்கிக்கொள்ள வேண்டும். அக்காலச் சிங்களக் கதைப்படங்களின் வழி வேறு. முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொரொந்துவ' 1947 இல் நம்மவரான எஸ். எம். நாயகத்தால் மதுரையில் எடுக்கப்பட்டது. தொடர்ந்தும் பல படங்கள் தென்னிந்திய ஸ்டூடியோக்களிலேயே உருவாகின. இலங்கைக் கிராமம் திரைச்சீலையில் தீட்டப்பட்டது!

1955 இல் பீரிஸ், பிளேக், படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்த மூவரும் அரசாங்கப் பிரிவை விட்டு விலகினர். மாதச் சம்பளத்தை உதறுவது எத்தகைய துணிவு என்பது சம்பளக்காரனான எனக்குப் புரியும். மறு ஆண்டில் வந்த 'ரேகாவ', ஸ்டூடியோவை விட்டு வெளிவெயிலுக்கு வந்தது. 1957 இல் கான் விழாவுக்குச் சென்றது. உள்நாட்டிலோ வசூல் இல்லை.

'கம்பெரலிய' இன்னும் ஒரு படி மேலே போயிற்று. முழுப்படமும் ஸ்டூடியோவுக்கு வெளியே, ஒரே ஒரு பெரிய விளக்கையும் சில கைவிளக்குகளையும் கொண்டு எடுக்கப்பட்டது. பணமில்லாக் குறை அது என்பார்கள். இருக்கலாம். ஆனால் பணமில்லாதவர் எல்லோருக்கும் அந்த வெளிச்சம் வாய்த்துவிடவில்லையே! நொடித்துப்போகும் வளவு வீட்டின் இருளை இருளாகவே விட்டுவைக்க ஒரு மனம் வேண்டும். அது விவரணப் படத்திலே பழகிய மனம் என்பது என் துணிபு.

தமிழாசிரியனாகிய எனக்கு இங்கே தொல்காப்பியர் துணைக்கு வருகிறார். நிலத்தையும் பொழுதையுமே அவர் முதற்பொருள் என்றார். நாமோ திரைப்படத்தைப் பற்றி எழுதும்போது உரிப்பொருளை மட்டும் பேசிவிட்டு எழுந்துவிடுகிறோம். 'கம்பெரலிய'வில் அந்த நிலமும் பொழுதும் பிளேக்கின் கையில் இருந்தன. 1965 இல் புதுடில்லி விழாவில் படம் தங்கமயில் விருது பெற்றது. புதுப்பிக்கப்பட்ட பிரதி 2008 இல் கானில் காட்டப்பட்டது. இரண்டையும் பற்றி நானே எழுதியிருக்கிறேன், பிளேக்கின் பெயரில்லாமல்.

அந்த மாணவன் இப்போது பல்கலைக்கழகத்தில் படிக்கிறான். சென்ற விடுமுறையில் வழியில் கண்டு, விடையைச் சொன்னேன். சற்று விழித்தான்.

"கேள்வியே மறந்துபோச்சு சேர்" என்றான்.