வாய்ச்சொல்லும் வாரிசுச் சண்டையும்

(முத்தியால்பேட்டையில் இளைஞர்கள், வியாபாரிகளிடையே ஆற்றிய உரை)



"கடை மூத்தவன் பெயரில் இருந்தாலும் எல்லாருக்கும் பொது, என் பெண்மக்களுக்கும் பங்கு உண்டு." இப்படி வாயால் மட்டும் சொல்லிவிட்டுக் கண்மூடிய அத்தாமார்கள் நம்மில் எத்தனை பேர்! பிறகு மூத்தவரும் மவுத்தாகிறார். அவருடைய பிள்ளைகள், "பத்திரத்தைக் காட்டுங்கள்" என்கிறார்கள். பதில் சொல்ல முடியாமல் நிற்பது பெரும்பாலும் நம் சகோதரிதான்.

சட்டம் என்ன சொல்கிறது? 1882ஆம் ஆண்டு இந்திய டிரஸ்ட் சட்டத்தின் 5ஆவது பிரிவுப்படி, வீடு, மனை, கடை ஆகியவற்றின் மீதான டிரஸ்ட் எழுத்தில் இருக்க வேண்டும். கையெழுத்திட்டுப் பதிவு செய்திருக்க வேண்டும். அல்லது உயிலில் இருக்க வேண்டும். பணம், நகை என்றால் பொறுப்பாளரிடம் உரிமையாக ஒப்படைத்தாலே போதும். இந்த விதி மோசடிக்குத் துணைபோகும் இடத்தில் செல்லாது என்று அதே பிரிவு சொல்கிறது. ஆனால் மோசடி என்று சொல்பவரே அதை நிரூபிக்க வேண்டும்.

ஹிபாவின் நிலை வேறு. தம் சொத்தை ஒருவர் வாயால் கொடுத்தாலும் செல்லும். கொடுப்பதாக அறிவித்தல், பெறுபவர் ஏற்றல், சொத்தைக் கைமாற்றுதல் ஆகிய மூன்றும் நடந்திருக்க வேண்டும். ஆந்திராவில் மகனுக்குத் தகப்பனார் எழுதிக் கொடுத்த பதிவில்லாத ஹிபாவை, இதே அடிப்படையில் 2011இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. கைமாற்றாத ஹிபா வெறும் ஆசைதான். வஸிய்யத்தோ மூன்றில் ஒரு பங்குக்கு மேல், மற்ற வாரிசுகள் சம்மதிக்காமல் செல்லாது.

வக்ஃபு முன்பு வாய்மொழியாகவும் செய்யப்பட்டது. 2025 ஏப்ரல் 8இல் நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டத்திற்குப் பிறகு, பத்திரம் இல்லாமல் புதிய வக்ஃபு உண்டாகாது.

நம் ஊருக்கே உரிய ஒன்றையும் சொல்கிறேன். பிரெஞ்சு ஆட்சியில் 1881ஆம் ஆண்டு ஆணைப்படி சொந்தச் சட்டத்தைத் துறந்தவர்களுக்கு, 1937ஆம் ஆண்டு ஷரீஅத் சட்டம் புதுச்சேரியில் பொருந்தாது. அப்படிப்பட்ட பழைய பத்திரம் உங்கள் வீட்டில் இருந்தால் முதலில் அதை வழக்கறிஞரிடம் காட்டுங்கள்.

வழக்கு வந்துவிட்டால் எது கை கொடுக்கும்? அந்த வார்த்தையை நேரில் கேட்ட சாட்சி. வருஷா வருஷம் வாடகையைப் பங்கிட்ட ரசீது. "தங்கச்சி பங்கு கொடுத்தேன்" என்று மூத்தவரே தம் கையால் எழுதிய குறிப்பு. தமக்கே பாதகமாக ஒருவர் எழுதியது, அவர் இறந்த பின்னும் சாட்சியமாகும். ஆனால் கணக்குப் புத்தகத்தை மட்டும் வைத்து ஒருவர் மீது பொறுப்பைச் சுமத்த முடியாது. அதற்குத் துணைச் சான்று தேவை.

வியாபாரிகளே! பத்து ரூபாய் கடனுக்கும் சீட்டு எழுதுகிறோம். கடனை எழுதி வையுங்கள், சாட்சி வையுங்கள் என்று குர்ஆனின் மிக நீண்ட வசனமே (2:282) கட்டளையிடுகிறது. அமானத்துக்கு மட்டும் எழுத்து வேண்டாமா?

இளைஞர்களே! உங்கள் அத்தா உயிரோடும் தெளிவோடும் இருக்கும்போதே பக்குவமாகப் பேசுங்கள். எழுதி, பதிவு செய்து, ஒரு நகலைச் சகோதரியின் கையில் கொடுங்கள். தகப்பனாரின் வாக்கும் காப்பாற்றப்படும். சகோதரியின் ஹக்கும் காப்பாற்றப்படும்.