நெருக்கமும் தனிமையும்



'நெருக்கம்' என்னும் தமிழ்ச்சொல் இருபொருள் தருவது. இடமின்றி இடிபடுவதும் நெருக்கம். உள்ளம் ஒன்றிப் பழகுவதும் நெருக்கம். முதற்பொருள் மிகுந்து, இரண்டாம் பொருள் அருகிய இடமே பெருநகரம்.

பட்டினப்பாலைத் தலைவன், காவிரிப்பூம்பட்டினமே கிடைப்பினும் தலைவியைப் பிரிந்து வாரேன் என மறுத்தான். கல்வராயன் மலையிலிருந்து பிழைப்புக்காகச் சென்னைக்குப் பேருந்து ஏறும் இளைஞனுக்கு அவ்வாறு மறுக்க வழியில்லை. திருவல்லிக்கேணி மேன்ஷன் ஒன்றில் மூவரோடு ஓர் அறையில் உறங்குகிறான்; அம்மூவரின் ஊர்ப்பெயரையும் அறியான். மலையூரிலோ, ஒரு வீட்டில் அழுகுரல் எழுந்தால் ஊரே முற்றத்தில் கூடிவிடும்.

ஆயின், ஊரில் தனிமையே இல்லை என்பதும் பொய்யாகும். 2019-இல் உருவான கள்ளக்குறிச்சி மாவட்டத்துத் திருக்கோவலூரே அதற்குச் சான்று. பாரி மாய்ந்தபின் அவன் மகளை மலையனுக்கு மணம்செய்து கொடுத்துவிட்டுக் கபிலர் தீப்புகுந்தார் என, அவ்வூர் வீரட்டானத்து முதலாம் இராசராசன் காலக் கல்வெட்டு கூறுகிறது. பெண்ணையாற்றில் கபிலர் குன்று இன்றும் நிற்கிறது. சுற்றிலும் மனிதர் இருந்தனர். நண்பன் ஒருவன் இல்லை. அந்த ஓர் இன்மையே உலகத்தைப் பாழாக்கிற்று.

அதே ஊரில்தான் மற்றொரு நிகழ்ச்சியும் நடந்ததாக வைணவ மரபு கூறும். காஞ்சியின் பொய்கையாரும், கடல்மல்லையின் பூதத்தாரும், மயிலையின் பேயாரும் ஒரு மழையிரவில் குறுகிய இடைகழி ஒன்றில் ஒதுங்கினர். முன்பின் அறியாதவர்கள். இரண்டாமவர் வந்ததும் படுத்திருந்தவர் எழுந்து அமர்ந்தார். மூன்றாமவர் வந்ததும் அமர்ந்திருந்த இருவரும் எழுந்து நின்றனர். நான்காமவராக இறைவனே வந்து நெருக்கினான் என்பர். அந்நெருக்கத்தில் மூன்று திருவந்தாதிகள் பிறந்தன.

மேன்ஷன் அறை இடைகழியினும் சிறிதன்று. வேறுபாடு அளவில் இல்லை. எழுந்து இடம் கொடுத்ததில் இருக்கிறது. நம் நகரக் கவிதைகளுள் பல, படுத்தபடியே தனிமையைப் பாடுகின்றன. கதவைத் தட்டும் ஓசை அவற்றில் கேட்பதில்லை. தட்டுபவனும் தனியன்தானே!

அந்தாதியில் ஒரு பாட்டின் முடிவு அடுத்த பாட்டின் தொடக்கமாகிறது. தனித்து நிற்கும் பாட்டு அதில் இல்லை. பத்தாண்டு நிறைவு காணும் இவ்விலக்கிய வட்டமும் அத்தகைய ஓர் இடைகழியே. மலையிறங்கி நகர் சென்ற பிள்ளை விடுமுறையில் தயங்கித் தயங்கி இவ்வாசலில் வந்து நிற்கும்போது, அமர்ந்திருப்போர் எழுந்து நிற்பாராக.