செய்து கற்கும் கூடம்

சித்திரம், சங்கீதம், நாட்டியம் முதலிய கலைகளை மதிப்பிட்டுப் பேசுவது வானொலியில் நெடுநாளைய வழக்கமாயினும், மின்கம்பியையும் பற்றாசையும் மரப்பலகையையும் கொண்டு இதுவரை இல்லாத ஒரு பொருளை மாதிரியாகச் செய்து பார்க்கும் அப்பியாசமும் அவ்வாறே சீர்தூக்கிப் பார்க்கத் தக்கது என்று நான் உறுதியாக எண்ணுவதால், மேக்கர்ஸ்பேஸ் என்றும் ஃபேப் லேப் என்றும் இக்காலத்தில் வழங்கிவரும் ஆக்கக்கூடங்களைப் பற்றி இன்று பேச முன்வந்திருக்கிறேன். இவை உலகெங்கும் பெருகிவிட்டன. அவற்றுள் என் சிந்தையை மிகவும் கவர்ந்தது, மகாராஷ்டிரத்தில் புனே நகரிலிருந்து ஏறக்குறைய 70 கிலோமீட்டர் தொலைவில், மழை குறைந்த பாபள் என்னும் கிராமத்தில் உள்ள விஞ்ஞான ஆசிரமமே.

அதை 1983-ஆம் ஆண்டில் தொடங்கியவர் டாக்டர் ஸ்ரீநாத் கல்பாக். அமெரிக்காவில் உணவுத் தொழில்நுட்பம் பயின்று டாக்டர் பட்டம் பெற்று, மும்பையில் ஹிந்துஸ்தான் லீவர் கம்பெனியின் ஆராய்ச்சிக் கூடத்தில் உயர்ந்த பதவி வகித்த அப்பெரியார், அப்பதவியைத் துறந்து, பரீட்சையில் தவறியவர்களும் படிப்பை நடுவில் நிறுத்தியவர்களுமான கிராமத்துப் பிள்ளைகளுக்குக் கல்வி புகட்டும் பொருட்டு அங்கே வந்து குடியேறினார். 1937-இல் வார்தாவில் காந்தியடிகள் நாட்டின்முன் வைத்த, கைத்தொழிலின் வழியே கற்பிக்கும் ஆதாரக் கல்வி அவர் உள்ளத்தில் ஆழ வேரூன்றியிருந்தது. காந்தியடிகளின் திட்டத்தில் நூற்பு வகித்த ஸ்தானத்தில், வெல்டிங், மின்னிணைப்பு, மண் பரிசோதனை, ரத்தப் பரிசோதனை, பயிர்த்தொழில், கால்நடை வளர்ப்பு என்று தம் காலத்துக் கிராமத்துக்கு வேண்டிய தொழில்களைக் கல்பாக் அமர்த்தினார்.

இவ்விடத்தில் ஒரு விசேஷத்தைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். மாணவர் செய்யும் வேலை ஊராருக்குப் பயன்படும் சேவையாக இருத்தல் வேண்டும் என்பதும், அச்சேவைக்கு ஊரார் விலை கொடுத்தல் வேண்டும் என்பதும் அவ்வாசிரமத்தின் முறை. தொழிற்பயிற்சி நிலையங்கள் பலவற்றில், மாணவன் இரும்பை அறுத்து, ராவி, பொருத்திக் காட்டியதும் ஆசிரியர் மதிப்பெண் இடுகிறார். அதன்பின் அப்பொருள் ஒரு மூலையில் கிடந்து துருப்பிடிக்கிறது. ஆனால் காசு கொடுத்து வாயிற்கதவு செய்யச் சொன்ன குடியானவரோ, கதவு நிலையில் சரியாக அமராவிட்டால் அதை ஏற்கமாட்டார். அரைகுறை வேலைக்குப் பாதி மதிப்பெண் என்னும் சலுகையும் அவரிடம் கிடையாது. பரீட்சையில் தோற்றவன் என்று ஒதுக்கப்பட்ட பிள்ளை, தான் செய்த கதவு ஒரு வீட்டு வாயிலில் தினந்தோறும் திறந்து மூடக் காணும்போது அடையும் தன்னம்பிக்கைக்கு ஈடாக எந்தச் சான்றிதழையும் என்னால் சொல்ல முடியவில்லை.

பின்னர் கடல் கடந்து வேறொரு முயற்சி தோன்றியது. மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் பேராசிரியர் நீல் கெர்ஷன்ஃபெல்ட், ஏறக்குறைய எதையும் செய்வது எப்படி என்ற தலைப்பில் 1998-இல் ஒரு வகுப்பைத் தொடங்கியபோது, சிலரே வருவர் என்று அவர் நினைத்திருக்க, நூறு பேர் அளவில் திரண்டு வந்தனர். அவர்களில் சிற்பிகளும் கட்டடக் கலைஞர்களும் இருந்தனர். கெல்லி டாப்சன் என்னும் கலைஞர், கூச்சலிட முடியாத இடத்தில் அக்கூச்சலை உள்ளே வாங்கிப் பதிந்து வைத்துப் பின்னர் தனிமையில் வெளியிட உதவும் ஒரு பையை அங்கே செய்தார். இதனால் யாருக்கு என்ன பிரயோஜனம் என்று கேட்போர் உண்டு. தன் மனத்தில் எழுந்த ஒரு விருப்பத்தைத் தன் கையாலேயே பொருளாக்கிக்கொள்ள ஒரு மனிதருக்கு இயலுமானால், அதைக் கல்வியின் பேறுகளில் ஒன்றாகவே நான் கருதுகிறேன். அவ்வகுப்பின் தொடர்ச்சியாகத் தோன்றிய ஃபேப் லேப்களில், அக்கழகத்துக்கு வெளியே முதலாவது 2002-இல் அமைந்தது பாபளில்தான். லேசரால் பலகை வெட்டும் யந்திரம் போன்ற நவீன சாதனங்கள் அங்கே வந்தபோது, 19 ஆண்டுகளாகக் கருவி பிடித்துப் பழகிய ஒரு பட்டறை அவற்றை வரவேற்கக் காத்திருந்தது.

இனி, கற்றல் எவ்விதம் நிகழ்கிறது என்று பார்ப்போம். ஓமின் விதியை நம் பிள்ளைகள் மனப்பாடமாகச் சொல்வார்கள். ஆயினும் 5 வோல்ட் மின்சாரத்தில் ஒரு சிவப்பு எல்.இ.டி. விளக்கை நேராக இணைத்த சிறுவன், அது கணப்பொழுது பளிச்சென்று எரிந்து கருகுவதைக் கண்ட பிறகே, விளக்குக்கு வேண்டியது 2 வோல்ட், எஞ்சிய 3 வோல்ட்டைத் தாங்க இடையில் ஒரு மின்தடை வேண்டும், 20 மில்லி ஆம்பியர் ஓடவேண்டுமானால் அது 150 ஓம் இருக்கவேண்டும் என்று தானாகவே கணக்குப் போடத் தலைப்படுகிறான்.

இன்னும் பெரிய வேலைக்குப் பாபளில் உருவான முட்டை பொரிக்கும் பெட்டியை உதாரணமாகச் சொல்லலாம். கோழிமுட்டை பொரிய 21 நாட்கள் ஆகும். அத்தனை நாளும் பெட்டிக்குள் 37.5 டிகிரி செல்சியஸை ஒட்டிய வெப்பமும் தக்க ஈரமும் இருக்கவேண்டும். நாளுக்குப் பலமுறை முட்டைகளைத் திருப்பவும் வேண்டும். வெப்பத்தை அறியும் ஓர் உணர்வி, சூடேற்ற ஒரு பல்பு, இரண்டுக்கும் நடுவே மின்னோட்டத்தை இணைக்கவும் துண்டிக்கவும் ஒரு ரிலே என்று மாணவன் தொடங்குகிறான். ஒரே அளவில் அணையவும் எரியவும் அமைத்தால் ரிலே ஓயாமல் தட்டிக்கொண்டே இருப்பதால், சற்றுக் குறைந்ததும் எரியவும் சற்று மிகுந்ததும் அணையவும் இரண்டு எல்லைகளை வகுக்க வேண்டும் என்று கண்டுகொள்கிறான். அதற்குள் மின்சாரம் நின்றுபோனால் என்ன செய்வது என்ற கேள்வி வருகிறது. பௌதிகம், உயிரியல், கணிதம், கோழி வளர்ப்பவரின் வரவு செலவு ஆகிய அனைத்தும் அந்தச் சிறு பெட்டிக்குள் ஒருங்கே வந்து சேர்ந்துவிடுகின்றன.

மத்திய அரசு 2016 முதல் அடல் டிங்கரிங் லேப் என்ற பெயரில், 6-ஆம் வகுப்பு முதல் 12-ஆம் வகுப்பு வரை படிப்போருக்காக, பள்ளி ஒன்றுக்கு 20 லட்சம் ரூபாய் வரை உதவி அளித்து இத்தகைய கூடங்களை நிறுவிவருகிறது. மிகவும் வரவேற்கத்தக்க ஏற்பாடு. எனினும், முப்பரிமாண அச்சு யந்திரத்தில் யாரோ வரைந்துவைத்த பொம்மையை அச்சிட்டெடுப்பதும், ஆயத்தமாகக் கிடைக்கும் பலகைகளைச் செருகி விளக்கை மினுக்குவதும் தொடக்கத்துக்கு மட்டுமே போதும். அங்கேயே நின்றுவிட்ட பிள்ளைக்கு, பழுது நேர்ந்தால் எங்கே மல்டிமீட்டரை வைத்துப் பார்ப்பது என்பது தெரியாமற்போகும்.

ஆகவே, இவ்வுரையைக் கேட்கும் ஆசிரியர்களுக்கு ஒரு விண்ணப்பம். உங்கள் பள்ளியின் கூடத்தில் வாரம் ஒரு மாலையேனும் ஊராருக்குக் கதவைத் திறந்து வையுங்கள். நின்றுபோன மின்விசிறியையும் ஒலிக்காத ரேடியோவையும் அவர்கள் கொண்டுவரட்டும். வயலுக்கும் மாட்டுத்தொழுவத்துக்கும் இன்னது வேண்டும் என்று வாய்விட்டுக் கேட்கட்டும். கேட்டவர் பெயரையும் கேட்ட பொருளையும் ஒரு பேரேட்டில் மாணவரே எழுதி, ஆசிரியர் மேற்பார்வையில் வேலையை முடித்துக் கொடுத்து, ஐந்து ரூபாயாக இருந்தாலும் அதற்குரிய கூலியைக் கூச்சப்படாமல் கேட்டு வாங்கட்டும். திரும்பி வந்த பொருள்களுக்கு அதே பேரேட்டில் தனியாக ஒரு பத்தியும் இருக்கட்டும்.