நவம்பர் முதல் நாள்: மாஹியும் அல்ஜீரியாவும்

மட்டாஞ்சேரியில் வாழும் நாம் அந்நிய ஆட்சியின் அடையாளங்களைத் தேடிச் செல்ல வேண்டியதில்லை. 1555இல் போர்த்துக்கீசியர் கொச்சி மன்னருக்குக் கட்டித் தந்த மாளிகையை, 1663இல் கொச்சியைக் கைப்பற்றிய டச்சுக்காரர் பின்னர்ப் புதுப்பித்தனர். இன்றும் அது டச்சு அரண்மனை என்றே வழங்குகிறது. 1795இல் ஆங்கிலேயர் வந்தனர். பிரெஞ்சுக்காரர் மட்டும் இங்கு ஆண்டதில்லை. ஆயினும் இதே கடற்கரையில், வடக்கே மாஹியில், 1954 வரை அவர்கள் கொடி பறந்தது.

அவ்வாண்டு மே 7 அன்று வியட்நாமில் தியன் பியன் பூ வீழ்ந்தது. ஜூலை 16 அன்று ஐ. கே. குமாரன் தலைமையில் மாஹி விடுதலை பெற்றது. அக்டோபர் 18 அன்று புதுச்சேரியை அடுத்த கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்தனர். 170 பேர் இந்தியாவுடன் இணைய இசைந்தனர். 8 பேர் மறுத்தனர். நவம்பர் 1 அன்று ஆட்சிப் பொறுப்பு இந்தியாவின் கைக்கு வந்தது.

அதே நவம்பர் 1 அன்றுதான் அல்ஜீரியாவில் தேசிய விடுதலை முன்னணி ஆயுதப் போரைத் தொடங்கிற்று. ஒரே அரசு, ஒரே நாள். இங்கே கொடி அமைதியாக மாறியது. அங்கே துப்பாக்கி முழங்கியது. இவ்வேறுபாடு ஏன்?

நம்மவர் இரத்தம் சிந்தவில்லை என்பதன்று. 1936 ஜூலை 30 அன்று புதுச்சேரியில் ஆலைத் தொழிலாளர் பன்னிருவர் சுடப்பட்டு மாண்டனர். ஆனால் 1954இல் இச்சிற்றூர்களைச் சுற்றிலும் சுதந்திர இந்தியா இருந்தது. அல்ஜீரியாவையோ பிரான்ஸ் 1848 முதல் தன் மாவட்டங்களாகவே கருதியது. அங்கே குடியேறிய ஐரோப்பியர் ஏறத்தாழப் பத்து லட்சம் பேர். மண்ணின் மைந்தர் எண்பது லட்சத்துக்கும் மேற்பட்டோர். 1947ஆம் ஆண்டுச் சட்டம் அமைத்த சபையில் இடங்கள் 120. அவற்றுள் 60, பெரும்பாலும் ஐரோப்பியர் அடங்கிய பிரிவுக்கே உரியவை. அடுத்த ஆண்டுத் தேர்தலிலோ முறைகேடுகள் மலிந்தன. வாக்குச் சீட்டு மதிப்பிழந்த நாட்டில் மக்கள் வேறு வழி தேடினர்.

நம் கதையும் அவர்கள் கதையும் பின்னரும் பிணைந்தே நடந்தன. பிரெஞ்சிந்தியாவை நமக்கு உரிமையாக்கும் உடன்படிக்கை 1956 மே 28 அன்று கையெழுத்தாயிற்று. பிரெஞ்சுப் பாராளுமன்றமோ அல்ஜீரியப் போர் முடியும் வரை அதற்கு இசைவு தரவில்லை. 1962 ஜூலை 5 அன்று அல்ஜீரியா சுதந்திரத்தைக் கொண்டாடியது. ஆகஸ்டு 16 அன்று நம் உடன்படிக்கை நடைமுறைக்கு வந்தது. இடையே அல்ஜீரியாவில் மடிந்தவர் பல லட்சம்.

ஆதலின், ஆகஸ்டு 16ஐ நினைக்கும்போது கீழூரில் கூடியவர்களோடு அல்ஜீரிய மக்களையும் நினைப்பது நம் கடன். ஒரு மக்களின் வாக்கு எண்ணப்படும் இடத்தில் துப்பாக்கிக்கு வேலை குறையும் என்பதே அவ்விரு நாடுகளின் வரலாறும் நமக்குக் கூறும் பாடம்.