ஆடித் தேங்காய்ப்பால்: எத்தனை நேரம் வைக்கலாம்?



ஆடி மாதம் முதல் தேதி. கொள்ளேகாலில் ஒரு நெசவாளர் வீட்டை நினைத்துப் பாருங்கள். தறிச் சத்தம் இல்லை. அடுப்படியில்தான் சத்தம். புது மாப்பிள்ளை விருந்துக்கு வந்திருக்கிறார். தேங்காய் துருவுகிறார்கள். அரைக்கிறார்கள். துணியில் பிழிகிறார்கள். வெல்லம், ஏலக்காய், சுக்கு சேர்க்கிறார்கள். ஆடிப்பால் தயார்.

கொள்ளேகாலில் ஆடிப்பாலா என்று சிலர் கேட்கலாம். 1956 வரை கொள்ளேகால் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. அந்த ஆண்டு நவம்பரில் மைசூர் மாநிலத்தோடு சேர்ந்தது. பிறகு மைசூர் மாவட்டம். 1997 முதல் சாமராஜநகர் மாவட்டம். மாவட்டம் மாறினால் நாக்கு மாறுமா? பக்கத்துக் கன்னட வீட்டில் ஒத்துச் சாவிகே பிழிந்தால், தொட்டுக்கொள்ளக் ‘காயி ஹாலு’ இருக்கும். அதுவும் வெல்லம் போட்ட தேங்காய்ப்பால்தான்.

கதைக்கு வருவோம். மதியம் எல்லோரும் குடித்தார்கள். குண்டாவில் பாதி மிச்சம். மாப்பிள்ளை மூன்று மணி பஸ்ஸுக்குக் கிளம்புகிறார். மாதேஸ்வரன் மலை வழியாக மேட்டூர் போகவேண்டும். மாமியார் தூக்குச் சட்டியைக் கழுவுகிறார். அவருடைய நாத்தனார் பக்கத்தில் நிற்கிறார்.

“எதுக்கு அண்ணி தூக்கு?”

“சம்பந்தி வீட்டுக்குக் கொஞ்சம் பால் கொடுத்து அனுப்பறேன். அங்கே மூத்த மருமக மாசமா இருக்கா. ரெண்டு வயசுக் குழந்தையும் இருக்கு. ஆசையா குடிக்கும்.”

“வேண்டாம் அண்ணி. மலை ஏறி இறங்கி, வீடு போய்ச் சேர இருட்டிடும்.”

“காலையில ஒன்பது மணிக்குத்தானே பிழிஞ்சேன்? பசும்பாலே சாயங்காலம் வரைக்கும் தாங்குதே!”

“பசும்பாலைக் காய்ச்சுனீங்க. இதைக் காய்ச்சுனீங்களா?”

மாமியார் பதில் சொல்லவில்லை. எப்படிச் சொல்வார்? கெட்டியான முதல் பாலை யாரும் கொதிக்கவிடுவதில்லை. கொதித்தால் திரிந்துபோகும். தண்ணீர் வேறு, கொழுப்பு வேறு என்று பிரிந்துவிடும். அதனால் வெல்லப்பாகை இறக்கி ஆறவைத்து, அதில் பச்சைப் பாலை ஊற்றுவார்கள். ருசிக்கு அதுதான் சரி. ஆனால் கிருமிக்கும் அது வசதி.

கிருமி எங்கிருந்து வருகிறது? உடைக்காத நல்ல தேங்காய்க்குள் கிருமி இல்லை. ஓடு அதைக் காக்கிறது. உடைத்த பிறகுதான் எல்லாம் வந்து சேருகிறது. துருவியில் இருந்து வரும். மிக்ஸி மூடியில் இருந்து வரும். அரைக்க ஊற்றும் பச்சைத் தண்ணீரில் இருந்து வரும். எல்லாவற்றையும் விடப் பிழியும் துணியில் இருந்து வரும். போன பண்டிகைக்குப் பிழிந்து, அலசி, ஈரத்தோடு மடித்து வைத்த துணியை முகர்ந்து பார்த்தால் தெரியும்.

கை இன்னொரு வழி. கொள்ளேகால் பட்டு ஊர். பட்டுக்கூடு வேகும் சுடுதண்ணீரில் விரல் வைத்து நூல் எடுப்பவர்கள் உண்டு. அவர்களுடைய விரல் வெடித்திருக்கும். புண்ணாகியிருக்கும். அது உழைப்பின் புண். அதில் குற்றம் சொல்ல ஒன்றும் இல்லை. ஆனால் அந்தப் புண்ணில் ஒருவகைக் கிருமி குடியிருக்கும். அது பாலில் விழுந்து பெருகினால் நஞ்சைக் கக்கும். திரும்பக் கொதிக்கவைத்தால் கிருமி சாகும். நஞ்சு அப்படியே இருக்கும். ஆகவே கையில் புண் உள்ளவர் அன்று வெல்லம் தட்டட்டும். பிழியும் வேலையை வேறொருவர் செய்யட்டும்.

இப்போது ஒரு கணக்கு. பலகையை எடுத்துப் போட்டுப் பாருங்கள். வெதுவெதுப்பான இடத்தில், சத்துள்ள உணவில், ஒரு கிருமி 20 நிமிடத்தில் இரண்டாகும். ஒரு மணி நேரத்தில் 8. இரண்டு மணி நேரத்தில் 64. நான்கு மணி நேரத்தில் 4,096. ஆறு மணி நேரத்தில் 2,62,144. காலை ஒன்பது மணிக்குப் பிழிந்த பால், மூன்று மணிக்குத் தூக்கில் ஏறுகிறது. பஸ் இன்னும் கிளம்பவில்லை!

அதனால்தான் உலகச் சுகாதார நிறுவனம் ஓர் அளவு சொல்கிறது. சமைத்த உணவு வெளியில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கக் கூடாது. காய்ச்சாத தேங்காய்ப்பாலுக்கு அதைவிடக் கூடுதல் நேரம் கொடுக்க ஒரு நியாயமும் இல்லை.

“கெட்டால் புளித்த வாடை வருமே” என்பார்கள். சில கிருமிகள் புளிக்க வைக்கும். சில கிருமிகள் வாடையே காட்டாது. அதோடு ஏலக்காயும் சுக்கும் போட்ட பாலில் எந்த வாடையைக் கண்டுபிடிப்பது?

“ஐஸ் பெட்டியில் வைத்தால் கிருமி செத்துவிடும்” என்பது இன்னொரு நம்பிக்கை. 1991 ஆகஸ்டில் அமெரிக்காவில் மேரிலாந்து மாநிலத்தில் சிலருக்குக் காலரா கண்டது. அவர்கள் காலரா உள்ள எந்த நாட்டுக்கும் போனவர்கள் அல்ல. ஒரு விருந்தில் தேங்காய்ப்பால் சேர்த்த அரிசி இனிப்பைச் சாப்பிட்டிருந்தார்கள். அந்தத் தேங்காய்ப்பால் தாய்லாந்திலிருந்து உறையவைத்து வந்தது. கடல் தாண்டி வந்தும் கிருமி சாகவில்லை. குளிர் கிருமியைத் தூங்கவைக்கும். கொல்லாது.

பிழிந்த சக்கையையும் மறக்க வேண்டாம். பொரியலுக்கு ஆகும் என்று ஓரமாக வைப்பது வழக்கம். ஜாவா தீவில் தேங்காய்ச் சக்கையைப் புளிக்கவைத்து ஓர் உணவு செய்வார்கள். சில நேரம் அதில் ஒரு கொடிய கிருமி சேர்ந்துவிடும். அது கக்கும் நஞ்சு வேகவைத்தாலும் போகாது. பலர் இறந்தார்கள். 1988இல் இந்தோனேசிய அரசு அதைச் செய்வதற்கே தடை போட்டது. சக்கையை அன்றைக்கே வதக்குங்கள். இல்லை, மாட்டுத் தொட்டியில் போடுங்கள்.

சரி, வீட்டில் என்ன செய்யலாம்?

பிழியும் துணியைக் கொதிக்கும் தண்ணீரில் போட்டு எடுத்து வெயிலில் காயவைக்க வேண்டும். கையைச் சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும். அரைக்கக் காய்ச்சி ஆறிய தண்ணீர் வேண்டும். பாகை முதல் நாளே காய்ச்சி வைக்கலாம். பாலை மட்டும் இலை போடும் நேரத்தில் பிழிய வேண்டும். பத்துப் பேருக்குப் பத்து டம்ளர். மிச்சம் விழாத அளவே நல்ல அளவு.

கொஞ்சம் நேரம் வைக்கத்தான் வேண்டுமா? ஒரு சிட்டிகை அரிசி மாவைக் கரைத்து ஊற்றி, சிறு தீயில் விடாமல் கிளறுங்கள். நன்றாக ஆவி பறந்து, ஓரத்தில் குமிழ் வரும் வரை சூடு ஏற வேண்டும். மாவு சேர்ந்தால் பால் எளிதில் திரியாது. பிறகு அகலமான பாத்திரத்தில் ஊற்றி, குளிர்ந்த தண்ணீர் உள்ள தாம்பாளத்தில் வைத்துக் கிளறி ஆற்றுங்கள். சிறு சிறு பாத்திரத்தில் பிரித்து, மூடி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வையுங்கள். பெரிய குண்டாவோடு வைத்தால் நடுவில் சூடு ஆற வெகுநேரம் ஆகும். மறுநாளுக்குள் குடித்துவிட வேண்டும். கரண்ட் போனால் கதவைத் திறக்கக் கூடாது. நாலு மணி நேரத்துக்கு மேல் கரண்ட் இல்லை என்றால் அந்தப் பால் வேண்டாம். ஃபிரிட்ஜ் இல்லாத வீட்டில் மிச்சத்தை வைப்பது என்ற பேச்சே இல்லை. கொட்ட மனம் வராதுதான். தேங்காய் விற்கிற விலை அப்படி. ஆனாலும் கொட்டத்தான் வேண்டும்.

தெரியாமல் குடித்து வாந்தி, பேதி கண்டால்? காய்ச்சி ஆறிய தண்ணீர் ஒரு லிட்டர். அதில் தலைதட்டிய சிறு கரண்டியால் ஆறு கரண்டி சர்க்கரை, அரைக் கரண்டி உப்பு. கலக்கி, கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுங்கள். தாய்ப்பாலை நிறுத்த வேண்டாம். மலத்தில் ரத்தம் வந்தால், கண் குழி விழுந்தால், குழந்தை குடிக்க மறுத்தால், மயங்கினால் தாமதம் கூடாது. 108க்குப் போன் செய்யுங்கள். கர்ப்பிணி என்றால் இந்த அடையாளங்களுக்குக் காத்திருக்காமலே மருத்துவமனைக்குக் கூட்டிப் போங்கள்.

அந்த மாமியாருக்கு மனசு கேட்கவில்லை. வெறுங்கையோடு மாப்பிள்ளையை எப்படி அனுப்புவது?

“அண்ணி, தேங்காயே நல்ல தூக்குச் சட்டிதானே? மூடி போட்டே வருது” என்றார் நாத்தனார்.

மாமியார் சிரித்துவிட்டார். குடுமி எடுக்காத நாலு தேங்காய் பைக்குள் போனது. மேலே ஓர் உருண்டை வெல்லம். ஒரு காகிதப் பொட்டலத்தில் ஏலக்காய்.

“மாப்பிள்ளை, ஒண்ணு சொல்லணும். நாளைக்குக் காலையில அங்கே பிழிஞ்சு, உடனே குடிக்கச் சொல்லுங்க” என்றார்.

பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. மாப்பிள்ளை பையைத் தோளில் மாட்டிக்கொண்டார்.