கைகளுக்கு வந்த அழைப்பு

பிழைப்பின் பொருட்டுப் பிறந்த மண்ணை விட்டு வந்திருக்கும் நமக்கு, மெக்சிகோ நாட்டுக் குடியானவர்களின் கதை அந்நியமாகத் தோன்றாது.

ஸ்பானிய மொழியில் 'பிராசோ' என்றால் கை. அதிலிருந்து பிறந்த சொல் 'பிராசெரோ'; கையுழைப்பால் பிழைப்பவன் என்பது பொருள். இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கப் பண்ணைகளில் ஆள் பஞ்சம் ஏற்படவே, 1942 ஆகஸ்டில் இரு நாடுகளும் உடன்படிக்கை செய்துகொண்டன. அதன்படி சென்றவர்களுக்கு இப்பெயரே நிலைத்தது. மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்ட எனக்கு இதை 'ஒப்பந்தத் தொழிலாளி' என்று பெயர்க்க மனம் ஒப்பவில்லை. ஆள் சேர்க்கும் நிலையங்களில் உள்ளங்கையைத் தடவிப் பார்த்தார்களாம். காய்ப்பேறாத கைகளைக் கழித்துவிடுவார்களாம். எல்லையிலோ ஆடை களைந்து நிற்கச் செய்து, பூச்சிமருந்துப் பொடியைத் தூவினார்கள்.

ஒப்பந்தம் என்னவோ ஸ்பானியத்திலும் ஆங்கிலத்திலும் அழகாகவே அச்சிடப்பட்டிருந்தது. உறைவிடம், நியாயமான கூலி, இன வேற்றுமை பாராட்டாமை எல்லாம் அதில் உண்டு. டெக்சாஸ் மாநிலத்தில் தம் மக்கள் இழிவாக நடத்தப்படுவதைக் காட்டி, முதற் சில ஆண்டுகள் அங்கு ஆள் அனுப்பவே மெக்சிகோ அரசு மறுத்தது. அந்த மானவுணர்ச்சியைப் பாராட்டத்தான் வேண்டும்.

ஆனால் கூலி விஷயத்தில் நடந்தது வேறு. தொடக்க ஆண்டுகளில் ஒவ்வொருவர் கூலியிலும் நூற்றுக்குப் பத்து வீதம் பிடித்து, சேமிப்பாக மெக்சிகோவுக்கு அனுப்பினார்கள். ஊர் திரும்பியதும் பெற்றுக்கொள்ளலாம் என்பது ஏற்பாடு. திரும்பிய பலருக்கு அப்பணம் கிட்டவேயில்லை. தம் கூலியில் பிடித்தம் இருந்ததையே அறியாதிருந்தோரும் உண்டு.

1964 இறுதியில் திட்டம் முடிவுற்றது. அதுவரை சுமார் 46 லட்சம் ஒப்பந்தங்கள் எழுதப்பட்டிருந்தன. மீண்டும் மீண்டும் சென்றவர் பலராதலால், ஆட்களின் தொகை அதனினும் குறைவே. பிடித்த பணத்தைக் கேட்டு முதியவர்கள் ஊர்வலம் சென்றார்கள், வழக்கும் தொடுத்தார்கள். அதன் பின்னரே, 2005-இல் மெக்சிகோ அரசு ஒரு நிதியை ஏற்படுத்தி, ஆளுக்கு 38,000 பெசோ வழங்க இசைந்தது. அதற்கும் பழைய ஒப்பந்தத் தாள், கூலிச் சீட்டு போன்ற சான்றுகள் வேண்டுமென்றார்கள். பண்ணைக் கொட்டகையில் படுத்து, மூட்டையோடு ஊர் ஊராக அலைந்தவன் ஒரு துண்டுக் காகிதத்தை அறுபது ஆண்டுகள் காப்பாற்றியிருக்க வேண்டும். 1942-இல் இருபது வயதில் எல்லை கடந்தவனுக்கு அப்போது வயது எண்பத்து மூன்று.