அம்மாவின் கடிதங்களுக்குப் பின்னால்

(சங்கத்தின் புத்தாண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



கலையைப் பற்றிக் கதைக்க நான் பெரிய படிப்புப் படித்தவன் அல்ல. ஏ.எல்.லோடை படிப்பு முடிஞ்சுது, இப்ப பக்டரி வேலை. ஆனாலும் ஒரு பெண்ணைப் பற்றி உங்களுக்குச் சொல்லாமல் இருக்க மனம் கேட்கவில்லை. பெயர் மோனா ஹாத்தூம். பாலஸ்தீனர்.

1948 இல் ஹைஃபாவை விட்டு வெளியேறிய குடும்பம். இவர் பிறந்தது 1952 இல், லெபனானின் பெய்ரூட் நகரில். அங்கே பிறந்தும் லெபனான் அடையாள அட்டை கிடைக்கவில்லை. 1975 இல் லண்டனைச் சும்மா பார்த்துவிட்டுப் போக வந்தார். வந்த நேரம் ஊரில் உள்நாட்டுப் போர் தொடங்கியது. திரும்பிப் போக வழியில்லை. லண்டனிலேயே தங்கி ஓவியம் படித்தார்.

படம் கீறுவதோடு அவர் நிற்கவில்லை. 1985 இல் பிரிக்ஸ்டன் தெருவில் வெறுங்காலோடு நடந்தார். பொலிஸ்காரர் போடுவது போன்ற பாரமான சப்பாத்து இரண்டு கணுக்காலில் கட்டுண்டு பின்னால் இழுபட்டு வந்தன. 1996 இல் ஜெருசலேமில், நாப்லஸ் ஊர்ச் சவர்க்காரக் கட்டிகள் இரண்டாயிரத்துக்கு மேல் நிலத்தில் அடுக்கினார். ஒஸ்லோ ஒப்பந்தப்படி பாலஸ்தீனருக்குத் திரும்பக் கிடைக்கவிருந்த துண்டு துண்டு நிலங்களைச் சிவப்புக் கண்ணாடி மணிகளால் அதில் பதித்தார். சவர்க்காரம் கரையும்தானே!

ஆனால் நான் சொல்ல வந்தது அவரின் 1988 ஆம் ஆண்டு வீடியோவை. பதினைந்து நிமிடம்தான். ஒரு லீவு நாளில், மழைக்கு ஒதுங்கின கலைக்கூடத்தில் பார்த்தேன். திரையில் ஒரு தாய் குளித்துக்கொண்டு நிற்கிறா. அவவின் உடம்புக்கு மேலாக அரபு எழுத்து வரி வரியாக, முட்கம்பி வேலி மாதிரி. அது அந்தத் தாய் பெய்ரூட்டில் இருந்து மகளுக்கு எழுதின கடிதங்கள். பின்னால் இரண்டு பேரும் அரபியில் கதைத்துச் சிரிக்கும் சத்தம். அதற்கு மேல் மகள் அந்தக் கடிதங்களை ஆங்கிலத்தில் வாசிக்கிறா.

எனக்குச் சீ எண்டு போச்சு. உண்மையைச் சொன்னால் தலையைக் குனிஞ்சிட்டன். ஆனால் காது கேட்டுக்கொண்டு இருந்தது. ஊரை இழந்ததை அந்தத் தாய் எழுதுறா. பெண்ணாய் இருக்கிறதைப் பற்றியும் எழுதுறா. குளிக்கும்போது படம் எடுத்ததுக்குத் தகப்பன் கோபித்ததையும் எழுதுறா. கடைசியாக, குண்டு வெடித்துத் தபால் கந்தோர் இல்லாமல் போய்விட்டது என்ற செய்தி வருகிறது. நிமிர்ந்து பார்த்தேன்.

எங்கட கலண்டரிலும் மேடை நாடகத்திலும் தாய் எண்டால் பிள்ளையின் படத்தைப் பிடிச்சுக்கொண்டு அழுகிறவ. அழுதது பொய்யில்லை. எத்தனை பேர் இன்னும் அழுதுகொண்டிருக்கினம். ஆனால் அவைக்கு ஒரு சிரிப்பும் இருந்தது, ஆசைகளும் இருந்தன. அதை ஆர் கீறினது? தாயைக் குளிக்கும்போது படம் எடுங்கோ எண்டு நான் சொல்லவில்லை. எனக்கும் அது ஏலாது.

2009 இல் முகாமில் இருந்து அம்மா எழுதின மூன்று கடிதம் என்னிடம் இருக்கு. மூன்றிலும் "நாங்கள் சுகம், நீ நேரத்துக்குச் சாப்பிடு" தவிர வேறொன்றும் இல்லை. அதுக்குப் பின்னால் ஆர் நிண்டவ எண்டு நான் யோசித்ததே இல்லை.

வீடியோ பார்த்த அன்றிரவு ரெலிபோனில் கேட்டேன்: "அம்மா, சின்ன வயசிலை நீங்கள் என்னவாய் வர ஆசைப்பட்டனீங்கள்?"

"ஏன் மோனை, உனக்கு இண்டைக்கு வேலை இல்லையோ?" எண்டு சிரிச்சா. பிறகு முக்கால் மணித்தியாலம் கதைச்சா.